என் நாவலில் வரும் முசே யார்?

பாதி பிரெஞ்சு, பாதி தமிழ் என்று ஒரு கலப்புக் குடும்பம், அதன் தலைவராக ஒரு முசே, அதாவது பிரெஞ்சு பாணியில் ஒரு ‘ஐயா’. இதுதான் என் முதல் நாவல். வெளிவந்து ஒரு வாரம்கூட ஆகவில்லை, இன்று நெல்லித்தோப்பு பேக்கரியில் மாட்டிக்கொண்டேன்.

பக்கத்துத் தெரு மதாம் லூசி ரொட்டியும் கையுமாக வழிமறித்தார்.

“எங்க வீட்டுக்காரர எதுக்கும்மா கதையில இழுத்த?”

“ஐயோ, அந்த முசே கற்பனைங்க மதாம்.”

“ரொட்டிய கருவாட்டுக் கொழம்புல தொட்டுத் தின்னுக்கிட்டே, ‘நாங்க பிரான்சுக்காரங்க’ன்னு பேசற ஆளு இந்த ஊர்ல வேற யாரு இருக்கா?”

கல்லாவில் இருந்தவர் தலையை நீட்டினார். “எங்க மாமனாரு இருக்காருங்க.”

பன் வாங்க வந்த பெண்மணியும் விடவில்லை. “எங்க பெரியப்பாவும் அப்படித்தான்.”

மதாமின் கோபம் என்னை விட்டு அவர்கள் மேல் திரும்பியது.

“அதெல்லாம் கெடையாது. அது எங்க வீட்டுக்காரர்தான்!” பையிலிருந்து புத்தகத்தை எடுத்தார். “அவரு பேரெழுதி கையெழுத்துப் போட்டுக் குடும்மா.”

போட்டுக் கொடுத்தேன்.

உண்மையில் நான் எழுதியது என் அப்பாவை. நேற்றுதான் படிக்கத் தொடங்கியிருக்கிறார். அவர் படித்திருக்கும் பக்கம்வரை முசே இன்னும் சாப்பிட உட்காரவில்லை.

உங்கள் வீட்டிலும் அப்படி ஒருவர் இருந்தால் சீக்கிரம் பின்னூட்டத்தில் உரிமை கோருங்கள். சாயங்காலத்துக்குள் அப்பா கருவாட்டுக் குழம்புக்கு வந்துவிடுவார்.