அக்கா வெட்டி எறிந்த சத்தம்

மகள் நகச்சாயத்தை அழித்துக்கொண்டிருந்தாள். அந்த அசிட்டோன் வாடைக்கு மூக்கைப் பொத்தாமல், கிட்டப் போய் மோந்து பார்த்தேன். "என்னப்பா, கிறுக்கா?" என்றாள். அவளுக்கு எப்படிச் சொல்ல? பிலிம் ஒட்டும் பசைக்கும் ஏறக்குறைய இதே வாடைதான். வேலைக்குச் சேர்ந்த புதிதில் என் சட்டையில், சோற்றில்கூட அது இருந்தது.

சிவகாசியில் காலண்டர் அச்சடிக்கிற வீட்டுப் பெண் ஒருவரிடம் வேலை; அக்கா என்றுதான் கூப்பிடுவேன். பாட்டு, சண்டை இல்லாத சினிமாப் படங்கள் எடுப்பார்; நான் உதவியாள். அவரே இயக்குவார், அவரே வெட்டி ஒட்டுவார். முதல் படம் பட்டாசுத் தொழிலாளர் குடும்பங்களைப் பற்றியது. அதில் ஒரு வெடிவிபத்து வரும். அதற்காக நான் ஆலங்குளம் போய், சுண்ணாம்புப் பாறைக்கு வெடி வைக்கிற சத்தத்தை டேப்பில் பிடித்துவந்தேன். பெரிய சாதனை என்று நினைப்பு! அக்கா அதைப் போட்டுக் கேட்டார். "நல்லாத்தான் இருக்கு. தூக்கி ஓரமா வையி," என்றார்.

படத்துக்குப் பணம் போட்ட அவருடைய அண்ணன் பதறிப்போனார். "வெடிக்கிற படத்துல சத்தமே இல்லன்னா எவன் வருவான்? சத்தத்தச் சேரு, இல்லன்னா படப்பெட்டி தியேட்டருக்குப் போவாது."

"நம்ம ஊர்க்காரகளுக்கு ஒரு தடவ போட்டுக் காட்டுவோம்ணே. அம்புட்டுத்தான் கேக்கேன்," என்றார் அக்கா.

பட்டாசுக் கம்பெனிகளுக்கு லீவு விட்ட ஒரு காலையில், சாத்தூர்த் தியேட்டர் ஒன்றில் போட்டோம். பாதிக்கு மேல் பெண்கள். அந்த இடம் வந்தது. தோசை ஊற்றுகிற கை நிற்கிறது. வெட்டு. குழாயடியில் குடம் வழிய, ஒருத்தி திரும்புகிறாள். வெட்டு. வாசல் வாசலாகப் பெண்கள் வந்து ஒரே திசையில் வானத்தைப் பார்க்கிறார்கள். புகை எந்தக் கம்பெனிப் பக்கம் என்று தேடுகிற பார்வை. எங்கள் பக்கத்தில் யாருக்கும் விளக்க வேண்டாம். சத்தம் துளியும் இல்லை.

தியேட்டருக்குள் ஒரு பெண் எழுந்து கதவுப் பக்கம் திரும்பினாள். "எந்தப் பக்கம்க்கா?" என்றாள். பின்னாலேயே வரிசை வரிசையாக எழுந்தார்கள். சிலர் வெளியே ஓடி, வானத்தைப் பார்த்துவிட்டுத்தான் திரும்பி வந்தார்கள். எனக்கு உடம்பெல்லாம் புல்லரித்துவிட்டது. கேட்காத சத்தத்துக்கு ஒரு கொட்டகையே எழுந்து நிற்கும் என்று சொன்னால் நீங்கள் நம்புவீர்களா? கத்தரியையும் பசையையும் வைத்துக்கொண்டு ஒரு மனுஷி அதைச் செய்திருந்தார். அண்ணனும் நின்றுகொண்டிருந்தார். "சத்தம் வேண்டாம்மா," என்றார், உட்காராமலே.

அக்கா இப்போது இல்லை. அச்சகக் கிடங்கின் வெக்கையில் படச்சுருள் ஒட்டிக் கட்டியாகிவிட்டது. வேறு பிரதி கிடையாது. நினைத்தால் இன்றும் மனசு ஆறவில்லை. போன மாதம் சிவகாசியில் டீ குடித்துக்கொண்டிருந்தேன். தூரத்தில் ஒரு சத்தம். தெருவில் ஒவ்வொரு கதவாகத் திறந்தது. பெண்கள் வாசலுக்கு வந்து ஒரே பக்கம் பார்த்தார்கள். போனது படம் மட்டும்தான்.