மலை பின்னால் போன ஞாயிறு

மார்க்கண்டுவின் வாயில் ‘இல்லை’ என்ற சொல் வரவே வராது. இத்தாலியின் பலெர்மோ நகரத்தில், போர்கோ வெக்கியோவில் ஒரு பழைய மாடிக் கட்டடத்துக்கு அவர்தான் வாயிற்காவலர். லிஃப்ட் பழுதாகி, இரண்டு கையிலும் மரக்கறிப் பையோடு யாராவது சிஞ்ஞோரா வந்து நின்றால், “ஆள் வெளிக்கிட்டிட்டான், இப்ப வந்திடுவான்” என்று இத்தாலிய மொழியில் சிரித்தபடி சொல்வார். ஆள் வருவது மறுநாள். ஆனால் அவர் சொல்கிற அழகில் மனம் குளிர்ந்து, அந்த அம்மா பையையும் தூக்கிக்கொண்டு படியேறிவிடுவாள். பாதிப் படி வரைக்கும் பையை இவரே சுமந்து கொடுப்பார். அதனால் அவரைக் கோபிக்கவும் ஒருவருக்கும் மனம் வராது.

வன்னியில், விசுவமடுவில், சைக்கிள் கடை வைத்திருந்தபோதும் இதே கதைதான். “பின்னேரம் வாங்கோ, முடிஞ்சிடும்” என்பார். பின்னேரம் போனால் சைக்கிள் தலைகீழாகவே நிற்கும், இவர் தேத்தண்ணி ஊற்றிக் கொடுப்பார். போர் முடிந்து, முகாமும் முடிந்து, மனைவி புஸ்பவதியோடும் மகள் டிலக்ஷியோடும் பலெர்மோவுக்கு வந்து சேர்ந்தார். படுக்கையில் கிடந்த முதியவர்களைக் குளிப்பாட்டினார், உணவகத்தில் கோப்பை கழுவினார். பிறகுதான் இந்த வாயிற்காவல் வேலை கிடைத்தது. நாள் முழுக்கச் சனத்தோடு கதைக்கச் சம்பளமும் தருகிறார்களே என்று முதல் மாதம் அவருக்கு நம்ப முடியவில்லை.

டிலக்ஷி அப்பாவுக்கு நேர்மாறு. அவள் வாயில் ஒரு சொல் வந்தால் அதை நம்பி வீடு கட்டலாம். படித்து, பரீட்சை எழுதி, சுற்றுலா வழிகாட்டி அட்டையைக் கழுத்தில் மாட்டிக்கொண்டாள். ஒரு சுற்றுலா நிறுவனத்தை நடத்தும் செலஸ்ரீனா என்ற அம்மாளிடம் வேலை கேட்டுப் போனாள். கரையோரத்தில் துருக்கியக் கப்பல்களைப் பார்த்து நின்ற காவல் கோபுரங்களையும், கடந்த உலகப் போரின் பங்கர்களையும் ஒரே நாளில் காட்டும் பயணம் ஒன்றை அவளே யோசித்து வைத்திருந்தாள். செலஸ்ரீனாவுக்குப் பிடித்துத்தான் இருந்தது.

“ஒரு ஞாயிற்றுக்கிழமை நடத்திக் காட்டு, நானும் வருகிறேன்” என்றாள் அவள். “பஸ்ஸை நீதான் நிரப்ப வேண்டும். வந்தவர்கள் சந்தோசமாகத் திரும்பினால் இந்தப் பருவம் முழுக்க உனக்கு வேலை. இல்லையென்றால் இப்போதைக்கு மறந்துவிடு.”

டிலக்ஷி அறிந்தவர்களையெல்லாம் கேட்டுப் பார்த்தாள். மார்க்கண்டுவின் பழைய கூட்டாளி ஞானசேகரம் சொன்ன பதிலைத்தான் எல்லோரும் வேறு வேறு விதமாகச் சொன்னார்கள்.

“போரைப் பாக்க பஸ் ஏறிப் போறதோ பிள்ளை? அது எங்களைத் தேடி வீட்டுக்கே வந்ததெல்லோ!”

மகள் முகம் சுருங்கிப் போய் மூலையில் இருந்ததை மார்க்கண்டுவால் பார்த்துக்கொண்டிருக்க முடியவில்லை. “பஸ் நிரம்பும். அப்பா பாக்கிறன்” என்றார். புஸ்பவதி சட்டியை வைத்துவிட்டு அவரை ஒரு பார்வை பார்த்தாள். அந்தப் பார்வைக்கு முப்பது வருடப் பழக்கம் இருந்தது. இருந்தும் மனிசன் வெளிக்கிட்டுவிட்டார்.

சொன்னது போலவே பஸ் நிரம்பியது. எப்படி நிரம்பியது என்பதுதான் விசயம்.

ஞாயிறு காலை நாகபூசணி முன்னிருக்கையில் வந்து அமர்ந்தாள். ஒரேத்தோத் தெருவில் இருக்கிற அவள் விரதத்தில் இருந்தாள், காலில் செருப்பில்லை. மடியில் ஒரு கூடை செவ்வந்திப் பூ, பக்கத்தில் மெழுகுதிரிக் கட்டு. பலெர்மோத் தமிழர்களில் சைவர் வேதக்காரர் என்று பார்க்காமல் பாதிப்பேர் மலையேறி, குகைக்குள் இருக்கும் ரொசாலியா மாதாவைக் கும்பிடுகிறவர்கள். நாகபூசணி அதில் முதல் வரிசை. அவளுக்குப் பின்னால் இன்னும் ஏழெட்டுப் பேர் வெறுங்காலோடு ஏறினார்கள்.

அவர்களுக்கும் பின்னால் ஞானசேகரம் குடும்பத்தோடு ஏறினார், கையில் ஒரு பெரிய சட்டி. சட்டிக்குள் ஆட்டிறைச்சிக் கறி. மூடியை எவ்வளவு இறுக்கிக் கட்டினாலும் வாசம் கேட்கிறதா என்ன? விரதக்காரர் எல்லாம் ஒரே நேரத்தில் திரும்பிப் பார்த்தார்கள்.

“என்ன ஞானசேகரமண்ணை, மலைக்கு இறைச்சியோ கொண்டாறியள்?” என்றாள் நாகபூசணி.

“என்ன மலை? மார்க்கண்டு கடற்கரையிலை சமைச்சுச் சாப்பாடு எண்டெல்லோ சொன்னவன்!”

மார்க்கண்டு பஸ்ஸின் கடைசி இருக்கையில் புஸ்பவதிக்குப் பக்கத்தில் இருந்து ஜன்னலுக்கு வெளியே மிகுந்த அக்கறையோடு எதையோ பார்த்துக்கொண்டிருந்தார். சாரதி கிருபன் பஸ்ஸை எடுத்தான். அது மலைக்கு எதிர்த்திசையில், பகேரியாப் பக்கம் திரும்பியது.

கொஞ்ச தூரம் போனதும் நாகபூசணி எழுந்தே விட்டாள். “தம்பி கிருபன்! மலை பின்னாலை போகுது!”

“சுத்திப் போறம் தங்கச்சி” என்று பின்னால் இருந்து மார்க்கண்டுவின் குரல் வந்தது.

அந்த நேரம் பார்த்து டிலக்ஷி ஒலிவாங்கியைக் கையில் எடுத்தாள். புதுச் சட்டை, இறுக்கிக் கட்டிய தலைமுடி. பக்கத்தில் செலஸ்ரீனா, கறுப்புக் கண்ணாடியோடு. “எல்லாருக்கும் வணக்கம். இண்டைக்கு நாங்கள் துருக்கியக் கப்பலுகளுக்குப் பயந்து கட்டின கோபுரத்தையும் ரெண்டாம் உலகப் போர் பங்கரையும் பாக்கப் போறம்” என்று முதலில் தமிழிலும் பிறகு இத்தாலிய மொழியிலும் சொன்னாள்.

பஸ்ஸுக்குள் எல்லோரும் ஒன்றாகக் கத்தத் தொடங்கினார்கள்.

டிலக்ஷிக்கு விளங்க அதிக நேரம் எடுக்கவில்லை. ஒலிவாங்கியை வைத்துவிட்டுப் பின்னால் நடந்து வந்தாள். அப்பாவின் பக்கத்தில் குனிந்து, சத்தம் போடாமல் சொன்னாள். சத்தம் போட்டிருந்தால் மார்க்கண்டுவுக்குச் சுகமாக இருந்திருக்கும்.

“நீங்கள் எப்பவும் இப்பிடித்தான் அப்பா. பங்கருக்கை வைச்சுக்கொண்டு இடி இடிக்குது, மழை வரப்போகுது எண்டு சொன்னீங்கள். நானும் மழைக்காகப் பாத்துக்கொண்டிருந்தன். எனக்கு அப்ப பத்து வயசு. ஷெல் எண்டு எனக்குத் தெரியாதோ?”

“பிள்ளை பயப்பிடக் கூடாதெண்டு…”

“இண்டைக்கும் அப்பிடித்தானே? நான் கவலைப்படக் கூடாதெண்டு. இப்ப பாருங்கோ.”

அவள் முன்னால் போய்விட்டாள். என்ன பிரச்சினை என்று செலஸ்ரீனா கேட்டாள். டிலக்ஷியால் பொய் சொல்ல முடியாது. “இவர்கள் ரொசாலியாவிடம் போவதாக நினைத்து வந்திருக்கிறார்கள். அப்பா அப்படிச் சொல்லிக் கூட்டி வந்திருக்கிறார்” என்றாள். செலஸ்ரீனா கண்ணாடியைச் சரிசெய்துகொண்டாள். மகளின் வேலையில் தானே மண்ணை அள்ளிப் போட்டுவிட்டோம் என்பது மார்க்கண்டுவுக்கு அந்தக் கண்ணாடியிலேயே தெரிந்தது.

கோபுரத்தடியில் பாதிப்பேர் இறங்கினார்கள், பாதிப்பேர் முகத்தைத் திருப்பிக்கொண்டு பஸ்ஸிலேயே இருந்தார்கள். டிலக்ஷி மனப்பாடம் செய்ததை ஒப்புவித்தாள். கடலில் துருக்கியக் கப்பல் தெரிந்தால் காவலாள் கோபுர உச்சியில் தீ மூட்டுவான், அதைப் பார்த்து அடுத்த கோபுரத்தில் மூட்டுவார்கள், அப்படியே கரை நெடுகச் செய்தி ஓடும், சனம் பிள்ளைகளைத் தூக்கிக்கொண்டு உள்நாட்டுக்கு ஓடும் என்றாள். குரலில் உயிர் இல்லை.

“பிடிபட்ட ஆக்கள்?” என்று கேட்டார் ஞானசேகரம்.

“கப்பலிலை ஏத்திக்கொண்டு போடுவாங்கள். சில பேர் காசு கட்டித் திரும்பி வந்தவை. கன பேர் வரேல்லை. இந்தப் பக்கத்துக் கப்பலுகளும் அங்கை போய் அதைத்தான் செய்தவை.”

“ரெண்டு பக்கமும் ஒண்டுதான் எண்டு சொல்லு” என்றார் ஞானசேகரம். அதற்குமேல் அவர் சட்டியைப் பற்றிக் கதைக்கவில்லை.

கொஞ்சம் தள்ளி, பாறை விளிம்பில் பங்கர் இருந்தது. கொங்கிரீட்டில் வட்டமாகக் கட்டியது, கடலைப் பார்த்து நீட்டுக்கு ஒரு துவாரம். டிலக்ஷி வாய் திறக்க முன்னமே ஞானசேகரம் அதைச் சுற்றி வந்து கையால் தட்டிப் பார்த்தார். வாடகைக்கு வீடு பார்க்கிறவன் கூட அவ்வளவு கவனமாகப் பார்க்க மாட்டான்.

“சீமெந்து நல்ல சீமெந்து. பனங்குத்தியும் மண்மூட்டையும் தேவையில்லை. காத்து வருது, கடலும் தெரியுது. ஆனா வாசல் பிழை. ‘ட’னா மாதிரி மடிச்செல்லோ வெட்டவேணும்? நேர வாசல் வைச்சால் ஷெல் சன்னம் விருந்தாளி மாதிரி உள்ளுக்கு வருமே!”

கூட நின்றவர்கள் சிரித்துவிட்டார்கள். சிரிப்புச் சத்தம் கேட்டு பஸ்ஸில் இருந்தவர்களும் ஒவ்வொருவராக இறங்கி வந்தார்கள். ஒருத்தி தண்ணி நின்றால் எங்கே வடியும் என்று கேட்டாள். இன்னொருவர் தாங்கள் வெட்டிய பங்கரில் பாம்பு வாடகை இல்லாமல் இருந்த கதையைச் சொன்னார். செலஸ்ரீனா என்னவென்று கேட்க, டிலக்ஷி மொழிபெயர்த்தாள். மொழிபெயர்க்கையில் அவளுக்கே சிரிப்பு வந்தது, மனப்பாடம் எங்கோ போய்விட்டது. இது ராணுவத்துக்குக் கட்டியது, சனத்துக்கு நகரத்தின் கீழே சுரங்க அறைகள் இருந்தன, அங்கேயும் குண்டு விழுந்து ஆட்கள் செத்தார்கள் என்று கதைபோலச் சொல்லத் தொடங்கினாள்.

கடைசியில் நாகபூசணியும் முட்களைப் பார்த்துப் பார்த்து, பூக்கூடையோடு வெறுங்காலில் வந்து சேர்ந்தாள். “இவ்வளவு தூரம் வந்தாச்சு, பாத்திட்டுப் போவம்” என்றாள், யாரும் கேட்காமலே.

உள்ளே போனார்கள். அரை இருட்டு. போனவர்கள் ஒருவரும் நிற்கவில்லை. யாரும் சொல்லாமலே பிள்ளைகளை உட்சுவரோரம் விட்டு, அவர்களுக்கு முன்னால் பெண்கள், பிறகு ஆண்கள் என்று முழங்காலைக் கட்டிக்கொண்டு குந்திவிட்டார்கள். குந்திய பிறகுதான் தாங்கள் என்ன செய்திருக்கிறோம் என்று அவர்களுக்கே தெரிந்தது. சிரிப்பு நின்றது. பின்னால் வந்து நின்ற செலஸ்ரீனாவை நாகபூசணி கையைப் பிடித்து இழுத்துத் தன் பக்கத்தில் இருத்தினாள்.

மார்க்கண்டு மட்டும் வெளியே வாசலோரம் நின்றார். அதுவும் பழக்கம்தான். அந்த நாளில் அவர்தான் பங்கர் வாயில் நின்று ஒவ்வொருவராகப் பெயர் கூப்பிடுவார். இருட்டுக்குள் இருந்து “இருக்கிறன்” என்று பதில் வந்த பிறகுதான் தானும் இறங்குவார். அவரைக் கூப்பிட வெளியில் ஒருவரும் மிச்சம் இருந்ததில்லை. இன்றைக்குக் கூப்பிட அவருக்கு வாய் வரவில்லை.

டிலக்ஷி வாசலில் வந்து நின்றாள். கூட்டி வந்த ஆட்கள் எல்லோரும் இருக்கிறார்களா என்று பார்ப்பது வழிகாட்டியின் வேலை. ஆனால் அவள் தலைகளை எண்ணவில்லை.

“ஞானசேகரம் மாமா?”

“இருக்கிறன்” என்றது உள்ளே ஒரு கரகரத்த குரல்.

“நாகபூசணி மாமி?”

“இருக்கிறன் பிள்ளை.”

ஒவ்வொரு பெயராகக் கூப்பிட்டாள். அம்மாவைக் கூப்பிட்டாள். புஸ்பவதி கண்ணைத் துடைத்தபடி பதில் சொன்னாள். “சிஞ்ஞோரா செலஸ்ரீனா?” என்று கேட்டபோது “சி சோனோ” என்று அவள் மொழியில் அதே ‘இருக்கிறன்’ வந்தது. பிறகு டிலக்ஷி வெளியே திரும்பினாள்.

“அப்பா?”

எந்த நேரமும் கதைக்கிற மனிசனுக்கு ஒரு சொல் வெளியில் வர அவ்வளவு பாடு.

“இருக்கிறன்” என்றார்.

“அப்ப உள்ளுக்கு வாங்கோ. ஏன் வாசலிலை நிக்கிறியள்?”

அவர் குனிந்து உள்ளே வந்து மகளுக்குப் பக்கத்தில் குந்தினார். துவாரத்தால் பார்த்தால் வளைகுடாவுக்கு அப்பால் ரொசாலியாவின் மலை முழுசாகத் தெரிந்தது. நாகபூசணி கூடையிலிருந்து ஒரு பிடி செவ்வந்தியை எடுத்து அந்தத் துவாரத்து விளிம்பில் வைத்தாள். யாருக்கென்று ஒருவரும் கேட்கவில்லை.

வெளியே வந்ததும் செலஸ்ரீனா கண்ணாடியைக் கழற்றினாள். கண் சிவந்திருந்தது. “உனக்கு வேலை உண்டு” என்றாள் டிலக்ஷியிடம். “ஒரே ஒரு நிபந்தனை. இனிமேல் பஸ்ஸை உன் அப்பா நிரப்பக் கூடாது.” பிறகு கிருபனிடம் திரும்பி, “பின்னேரம் பஸ்ஸை மலைக்கு விடு. இவர்களுக்கு அப்படிச் சொல்லித்தானே கூட்டி வந்திருக்கிறது” என்றாள்.

கடற்கரையில் ஞானசேகரத்தின் சட்டி திறந்தது. விரதக்காரர் காற்றுக்கு எதிர்ப்பக்கமாகப் போய் இருந்து கதைத்தார்கள்.

மலையடியில் இறங்கியதும் நாகபூசணி பூக்கூடையை மார்க்கண்டுவின் கையில் கொடுத்து, மெழுகுதிரிக் கட்டை அதன்மேல் வைத்து, “மார்க்கண்டண்ணை, சப்பாத்தைக் கழட்டுங்கோ” என்றாள். அவர் மறுபேச்சில்லாமல் கழற்றினார். கல்பாதை பகல் முழுக்க வெயில் குடித்துச் சுட்டது. ஏறுகிறபோது அவர் நடனமாடுகிறார் என்று பின்னால் வந்த பிள்ளைகள் சிரித்தார்கள்.

ஞானசேகரத்தின் பேத்தி கேசிகா பாதி வழியில் மூச்சு வாங்கி நின்றாள். “மார்க்கண்டுத் தாத்தா, இன்னும் எவ்வளவு தூரம்?”

கிட்ட வந்திட்டம் குஞ்சு என்று மார்க்கண்டுவின் நாக்கு நுனி வரைக்கும் வந்துவிட்டது. பக்கத்தில் ஏறிக்கொண்டிருந்த டிலக்ஷி அவர் முகத்தையே பார்த்துக்கொண்டு நின்றாள்.

“கன தூரம் இருக்கு” என்றார் அவர்.

டிலக்ஷி கூடையின் மற்றப் பக்கத்தைப் பிடித்துக்கொண்டாள்.