‘ப்ரஸ்க்’ என்று ஒரு புகார்

அன்று கீழ்த்தளத்தில் இருந்தவர்கள்: நான், லிஃப்ட் மெக்கானிக். எங்கள் சூப்பர்வைசர் ரவி, என்னைவிடச் சின்னவன். ஃப்ளாட் சங்கச் செயலாளர் வித்யா மேடம், ஐடி வேலை. என் ஜோடி நசீர் மொட்டை மாடி மெஷின் ரூமில் இருந்தான். அப்படித்தான் நினைத்தோம்.

இடம் குமணன்சாவடிப் பக்கம், ஐந்து மாடி. மழைத் தண்ணீர் லிஃப்டுக்கு அடியில் இருக்கும் பள்ளத்தில் இறங்கிவிட்டது. அதை பிட் என்போம். பட்டப்பகல்.

முந்தின வாரம் மேடம் என்னைப் பற்றி ஆபீசுக்கு மெயில் போட்டிருந்தார். ஒரே இங்கிலீஷ் வார்த்தை: ப்ரஸ்க். ரவி கூப்பிட்டான்.

"இன்னாண்ணே, கஸ்டமர்கிட்ட எரிஞ்சு விழுந்தியாமே?"

"இல்ல. தள்ளுங்கன்னேன்."

"அதான்."

இனிமேல் எல்லாரும் சார், மேடம், தயவுசெய்து சேர்த்துத்தான் பேச வேண்டும் என்று உத்தரவு. வேலைக்குள்ளும்.

அன்று மேடத்திடமே கேட்டேன். "அந்த வார்த்தைக்கு இன்னா மேடம் அர்த்தம்?"

அவருக்குச் சங்கடம். "வெடுக்குன்னு பேசறது. ஃப்ரெஞ்சுலேர்ந்து வந்தது. அவங்க இத்தாலிக்காரங்ககிட்ட எடுத்தாங்க. அங்க புளிப்பு, கடுகடுப்புன்னு அர்த்தம். அதுக்கும் முன்னாடி ஏதோ முள்ளுச் செடியாம், துடைப்பம் கட்டுவாங்களாம். மெயில் போட்டப்புறம்தான் தேடிப் பாத்தேன். தப்பா எடுத்துக்காதீங்க."

"துடைப்பம் நல்ல சாமான்தான் மேடம்."

ரவி வேறு பக்கம் பார்த்துச் சிரித்தான்.

எங்கள் பேச்சு அப்படித்தான் இருக்க வேண்டும். பிட்டில் இறங்குகிறவன் "மெயின்?" என்று கத்துவான். மேலே இருப்பவன் மெயின் சுவிட்சை இறக்கிவிட்டு "ஆஃப்" என்பான். மேற்கொண்டு ஒரு சொல் கிடையாது. லிஃப்ட் ஓடும் ஷாஃப்டில் எதிரொலி அதிகம், நீட்டினால் குழம்பும். அந்த ஒரு சொல்லை நம்பித்தான் இறங்குவோம். பிட்டில் ஒரு ஸ்டாப் சுவிட்சும் உண்டு. அன்று அது தண்ணீருக்குள்.

சாவி போட்டுக் கதவைத் திறந்தேன். லிஃப்ட் மூன்றாம் மாடியில் நின்றது.

"மெயின்?"

"ஆஃப் பண்ணிட்டேன் சார். தயவுசெய்து இறங்குங்க."

நசீர் குரல்தான். இருபது வருஷத்தில் என்னை சார் என்றதில்லை. மாமே என்பான்.

"பாத்தியா, பாய் எப்டி கத்துக்கினாரு!" என்றான் ரவி.

மறுபடி கேட்டேன். மறுபடி அதே சொற்கள். மூச்சு விடுகிற இடம்கூட மாறவில்லை. என் குரல் எதிரொலித்தது. அது எதிரொலிக்கவில்லை.

உத்தரவு உத்தரவுதானே என்று ஏணியில் ஒரு கால் வைத்தேன்.

"இறங்காத! மேல வா!"

மேடம். அவர் பார்வை வாசல் கேட்டில் இருந்தது. காலை இழுத்துக்கொண்டு திரும்பினேன். தெருவிலிருந்து நசீர் வந்துகொண்டிருந்தான்.

"மெஷின் ரூம் சாவி எவன்கிட்ட கீதுன்னே தெரில மாமே. வாட்ச்மேனத் தேடிகினு டீக்கடை வரைக்கும் போனேன். இன்னா, பேயறஞ்சா மாரி நிக்கிறீங்க?"



மேலே லிஃப்ட் அசைந்தது. கதவு திறந்திருந்தால் அது நகரக்கூடாது. நகர்ந்தது. சத்தமே இல்லாமல் இறங்கி, பிட்டை மூடிக்கொண்டு எங்கள் எதிரே நின்றது. கேபின் கதவு திறந்தது. உள்ளே யாருமில்லை.

மேடம் என் பக்கம் திரும்பினார். "உங்கள வா போன்னுட்டேன். சாரி."

"அப்டித்தான் மேடம் சொல்லணும்."

ரவி முகத்தைத் துடைத்துக்கொண்டான். "இனிமே ஷாஃப்டுல சாரும் வேணாம், மோரும் வேணாம்ணே."

இந்த வேலைக்குப் புதிதாக வருகிறவர்களுக்குச் சொல்கிறேன். கேட்டது ஒரு சொல் என்றால் வரவேண்டியதும் ஒரு சொல். கூடுதலாக மரியாதை வந்தால் இறங்காதீர்கள். ஆளைக் கண்ணால் பாருங்கள்.

தண்ணீர் பட்டு வயர் ஷார்ட் ஆகியிருக்கும் என்று ஆபீசில் சொன்னார்கள். இருக்கலாம். கேபினில் எடை காட்டும் டிஸ்ப்ளே உண்டு. ஆள் இல்லாவிட்டால் பூஜ்யம் காட்டும். காலையில் நானே சரிபார்த்தேன். அந்தக் காலிக் கேபினில் அது காட்டியது, அறுபத்தெட்டு கிலோ.