கோலார் வரை தாங்கும் ரேடியேட்டர்

எங்கள் வீட்டுக் காருக்கு நோய் வந்தபோது வைத்தியம் பார்த்தது ஒரு ரயில் பெட்டி.

என் வீட்டுக்காரர் விடியற்காலை ரயிலில் பெங்களூருக்கு வேலைக்குப் போய் ராத்திரி திரும்புகிறவர். தங்கச் சுரங்கம் மூடியதிலிருந்து எங்கள் தங்கவயலில் பாதி ஊர் இப்படித்தான் பிழைக்கிறது. இவருக்குத் தினமும் ஒரே பெட்டி, ஒரே இருக்கை, கூட அதே ஏழு பேர். போகும்போது தூங்குவார்கள், வரும்போது சீட்டு ஆடுவார்கள், மிச்ச நேரத்தில் ஒருவர் வீட்டு விவகாரத்தை மற்ற ஏழு பேரும் உட்கார்ந்து தீர்த்துவைப்பார்கள். யார் பிள்ளையை எந்தக் கல்லூரியில் சேர்ப்பது, யாருக்கு எந்த மாத்திரையில் சர்க்கரை இறங்கும், எல்லாம் பங்காரப்பேட்டை வருவதற்குள் முடிவாகிவிடும். நான் அவர்களுக்குக் கமிட்டி என்று பெயர் வைத்திருந்தேன். இவர் அதற்குக் கோபித்துக்கொண்டதே இல்லை. அது பாராட்டு என்று நினைத்திருப்பார்.

போன வருடம் எங்கள் மகள் தலைப்பிரசவத்துக்கு வீட்டுக்கு வந்திருந்தாள். மருமகனுக்குச் சென்னையில் வேலை. அவளைப் பார்த்துவந்த டாக்டரம்மா கோலாரில் இருந்தார். எங்கள் வீட்டிலிருந்து கிட்டத்தட்ட ஒரு மணி நேர ஓட்டம். வலி ஞாயிற்றுக்கிழமை வந்தால் இவர் ஓட்டுவார். மற்ற ஆறு நாளில் பகலில் வந்தால் நான்தான் ஓட்டவேண்டும். நானோ நாற்பத்தாறு வயதில் லைசென்ஸ் எடுத்தவள். ராபர்ட்சன்பேட்டையில் நான் மூன்றாம் வகுப்பு எடுக்கும் பள்ளிக்கூடத்துக்குப் போய்வருவதுதான் என் ஓட்டமெல்லாம். ஆம்புலன்ஸ் நம்பரைக் குளிர்பெட்டி மேல் ஒட்டிவைத்திருந்தேன். மகள் அதைப் பார்க்கும்போதெல்லாம் முகத்தைத் திருப்பிக்கொள்வாள். "அதெல்லாம் வேணாம்மா, நீயே ஓட்டு" என்று சொல்லிவிட்டாள்.

அப்படிப்பட்ட சமயம் பார்த்துத்தான் கார் கொதிக்க ஆரம்பித்தது. ஒரு ஞாயிறு, ஆராதனை முடிந்து மூவரும் பேத்தமங்களா ஏரிப் பக்கம் காற்று வாங்கப் போனோம். பாதி வழியில் எஞ்சின் சூட்டைக் காட்டும் மீட்டர் முள் சிவப்புக் கோட்டைத் தொட்டது. இவர் ஓரம் கட்டி, சூடு ஆறும்வரை நின்று, பாட்டிலில் இருந்த தண்ணீரை ஊற்றினார். வீடு வருவதற்குள் இரண்டு தடவை இதே கூத்து. மகள் வயிற்றைப் பிடித்துக்கொண்டு புளியமரத்தடியில் நின்றாள். இந்தக் கார் கோலாரில் கொண்டுபோய்ச் சேர்க்குமா என்ற நினைப்பு அன்று பிடித்துக்கொண்டது, அதற்குப் பிறகு என்னை விடவில்லை.

"மெக்கானிக்கிட்ட காட்டலாங்க" என்றேன்.

"இதுக்கு இன்னாத்துக்கு மெக்கானிக்கு? நான் பாத்துக்கறேன்" என்றார்.

இவருடைய அப்பா நந்திதுர்க் சுரங்கத்தில் தண்ணீர் இறைக்கும் பம்ப் பார்த்தவர். ஆகவே தண்ணீர் ஓடும் எந்த இயந்திரத்தைப் பற்றியும் வெளியாள் ஒருவர் இவருக்குச் சொல்லக்கூடாது. கமிட்டி மட்டும் சொல்லலாம். அந்த ஏழு பேரில் ஐந்து பேர் சுரங்கத்து ஃபிட்டர்களின் பிள்ளைகள், மிச்ச இரண்டு பேர் மருமகன்கள்.

திங்கட்கிழமை கமிட்டி கூடியது. தெர்மோஸ்டாட்தான் கோளாறு, எஞ்சின் சூடாகும்வரை தண்ணீரைத் தடுத்துவைத்துப் பிறகு திறந்துவிடும் கதவு அது, இந்த ஊர் வெயிலுக்கு அது எதற்கு, கழற்றி எறி என்று தீர்ப்பு வந்தது. ஞாயிற்றுக்கிழமை இவர் கழற்றினார். பேத்தமங்களா ரோட்டில் முள் ஏறியது. அடுத்த வாரத் தீர்ப்பு, ரேடியேட்டர் மூடி. புது மூடி வந்தது. முள் ஏறியது. அதற்கடுத்த வாரம் ஃபேன். தானாக ஓடுவதை நம்பாதே, எப்போதும் ஓடும்படி நேராக ஒயர் கொடு என்றார்களாம். கொடுத்தார். அன்றிலிருந்து சாவியைத் திருகினால் எங்கள் வாசலில் மாவு மில் ஓடியது. முள் அதையும் மதிக்கவில்லை.

கார் வாங்கிய நாளிலிருந்து எல்லா ஞாயிறும் இவர் பக்தியோடு ஒரு காரியம் செய்வார். ரேடியேட்டரில் இருக்கும் தண்ணீரை முழுக்க இறக்கிவிட்டுப் புதுத் தண்ணீர் நிரப்புவார். அதுவும் ஆழ்துளைக் கிணற்றிலிருந்து வரும் போர் தண்ணீர். எங்கள் வீட்டில் இரண்டு தண்ணீர் உண்டு. வாரத்தில் ஒரு நாள் குழாயில் வருவது நல்ல தண்ணீர். அது இப்போது எங்கிருந்து வந்தாலும் நாங்கள் பேத்தமங்களா தண்ணீர் என்றுதான் சொல்வோம். மூடி போட்ட டிரம்மில் பிடித்துவைத்துச் சமைக்கவும் குடிக்கவும் வைத்துக்கொள்வோம். மற்ற எல்லாவற்றுக்கும் போர் தண்ணீர். இந்தச் சட்டத்தைப் போட்டவள் நான். டிரம் பக்கம் சொம்போடு யார் வந்தாலும் எனக்கு முதுகில் கண் முளைத்துவிடும்.

இதற்குள் நான் ஒன்றைக் கவனித்திருந்தேன். தினமும் ஓட்டுகிறவள் நான்தானே. மார்க்கெட் நெரிசலில் கால் மணி நேரம் மாட்டிக்கொண்டு நின்றாலும் முள் அசைவதில்லை. காலி ரோட்டில் அறுபதில் போனால்தான் ஏறுகிறது. ஃபேன் கெட்டிருந்தால் நிற்கும்போதுதானே சூடாகவேண்டும்? இதை இவரிடம் சொன்னேன். "அப்படியா? ரயில்ல கேக்கறேன்" என்றார். கேட்டார். மேடம் பாடம் நடத்தட்டும், காரை நம்மிடம் விடட்டும் என்று யாரோ சொல்லி எல்லாரும் சிரித்தார்களாம். அதை என்னிடம் வந்து சிரித்துக்கொண்டே சொல்லவும் செய்தார். இன்னும் இரண்டு வாரத்தில் பிரசவம் என்று டாக்டரம்மா சொல்லியிருந்த சமயம் அது. எனக்கு உள்ளங்கால் முதல் உச்சிவரை எரிந்தது.

புதன்கிழமை பள்ளிக்கு லீவு சொன்னேன். ரயில் போன பிறகு காரை எடுத்துக்கொண்டு ராபர்ட்சன்பேட்டை ஓரத்தில் இருக்கும் மெக்கானிக்கிடம் போனேன். என்னைவிடச் சின்னவர், வாயில் எப்போதும் ஏலக்காய். நான் சொன்னதையெல்லாம் குறுக்கே பேசாமல் கேட்டார். அதுவே எனக்குப் பாதி நிம்மதி. காரைக் கொஞ்சதூரம் விரட்டிக்கொண்டு வந்து நிறுத்தினார். எஞ்சினை அணைத்தார், ஃபேன் நிற்கும்வரை பொறுத்தார், ரேடியேட்டர் மேல் அங்கங்கே கை வைத்துப் பார்த்தார்.

"அக்கா, இங்க தொடுங்க. மெதுவா."

மேல் பக்கம் சுட்டது.

"இப்போ கீழ தொடுங்க."

கீழ்ப் பாதி முழுக்கச் சில்லென்று இருந்தது.

"தண்ணி சுத்தினா எல்லாப் பக்கமும் ஒரே மாதிரி சுடணும். உள்ள அடைச்சிகினு கீது. நிக்கறப்போ சமாளிச்சிடும். வேகமா போனா எஞ்சின் சூட்ட இதால இறக்க முடியாது. நீங்க சொன்னது கரெக்ட்டுக்கா."

எத்தனை நாளாயிற்று ஒரு ஆண்பிள்ளை என்னிடம் அந்த வார்த்தையைச் சொல்லி! இன்னொரு தடவை சொல்லமாட்டாரா என்று இருந்தது.

கழற்றி எடுத்து, மேல் வாயில் குழாயைச் செருகினார். கீழ் வாயில் தண்ணீர் சொட்டுச் சொட்டாக வந்தது. உள்ளே விரலை விட்டுச் சுரண்டி எனக்குக் காட்டினார். வெள்ளையாகக் கெட்டிப் பொருக்கு. பார்த்த மாத்திரத்தில் தெரிந்தது. எங்கள் வெந்நீர் அண்டாவின் அடியில் நான் மாதாமாதம் தேய்க்கும் அதே பொருக்கு.

"இன்னா தண்ணி ஊத்துனீங்க?"

"போர் தண்ணி."

"அய்யோ. நல்ல தண்ணி இல்லியா ஊட்ல?"

நல்ல தண்ணீர் இருந்தது. நான்தான் தொடவிடவில்லை. பம்ப் பார்த்தவர் மகன் என்று இவரைக் கேலி செய்துகொண்டிருந்த நானே வாராவாரம் என் சட்டத்தால் அந்தக் காரை அடைத்துக்கொண்டிருந்திருக்கிறேன். அதைச் சொல்வதற்குப் பதிலாக, "அவரு ஒரு மாதிரி, போர் தண்ணிதான் ஊத்துவாரு" என்றேன். பொய்தான்.

நல்ல தண்ணீரும் கூடாது, கூலன்ட் ஊற்றவேண்டும் என்றார் மெக்கானிக். புது ரேடியேட்டர் வரவழைத்து மாட்டினார். கழற்றி எறிந்த தெர்மோஸ்டாட்டுக்குப் பதில் வேறொன்று வைத்தார். பச்சைக் கூலன்டை ஊற்றி, மூடியைத் திறந்துவைத்து எஞ்சினை ஓடவிட்டு, உள்ளே மாட்டிய காற்றெல்லாம் குமிழ் குமிழாக வெளியே வரும்வரை காத்திருந்தார். ஃபேன் ஒயரையும் பழையபடி மாற்றப் போனவரைத் தடுத்தேன்.

"அத மட்டும் உட்ருங்க. சத்தம் நின்னா கண்டுபுடிச்சிடுவாரு."

மெக்கானிக் என்னை ஒரு பார்வை பார்த்தார். ஒயரைக் கையிலிருந்து விட்டார்.

அங்கிருந்து தனியாகப் பேத்தமங்களா வரை ஓட்டினேன். முள் பாதிக்குக் கீழேயே நின்றது. ஏரிக்கரையில் நிறுத்திக் கொஞ்ச நேரம் அழுதேன். அத்தனை நாள் பயத்தை எங்கே வைத்திருந்தேன் என்று எனக்கே தெரியவில்லை.

ஏன் இவரிடம் சொல்லவில்லை? சொன்னால் முகம் விழுந்துவிடும். மூன்று ஞாயிறு அழுக்கில் புரண்ட மனுஷர். பிள்ளைப்பேறு முடியட்டும், பிறகு சாவகாசமாகச் சொல்லி ஆயுசுக்கும் கேலி செய்யலாம் என்று திட்டம். ஆனால் புது ரேடியேட்டர் பளபளவென்று இருந்தது. வீட்டுக்கு வந்ததும் ரோஜாத்தொட்டி மண்ணைத் தண்ணீரில் குழைத்து அதன் மேல் பூசினேன். மகள் வாசற்படியில் உட்கார்ந்து பார்த்துக்கொண்டிருந்தாள். "அம்மா, இன்னா பண்ற நீ? ஃபேஷியலா?" என்றாள். யாரிடமும் சொல்லாதே என்றேன்.

அந்த வாரத் தீர்ப்பு, பெல்ட் தளர்ந்திருக்கிறது. ஞாயிற்றுக்கிழமை இவர் பானெட்டைத் திறந்து குனிந்தார். நான் ஜன்னல் வழியாகப் பார்த்தேன். ரொம்ப நேரம் குனிந்தே இருந்தார். பிறகு போர் தண்ணீர் பக்கெட்டை எடுத்தார், ரேடியேட்டர் மூடியைத் திறந்தார், உள்ளே பார்த்தார்.

"ரொம்பிதான் கீது" என்று சொல்லி மூடிவிட்டார்.

கண் தெரியாத மனுஷன், நல்லவேளை என்று நினைத்துக்கொண்டேன். பேத்தமங்களா போய் வந்தோம். முள் அசையவில்லை. இவர் மீட்டரைப் படம் பிடித்து ரயில் குழுவுக்கு அனுப்பினார். திங்கட்கிழமை ஒரு டப்பா மைசூர்பாகு வாங்கிக்கொண்டு ரயிலேறினார். கமிட்டிக்கு விழா. எனக்குச் சிரிப்பும் எரிச்சலும் ஒன்றாக வந்தன.

ஒன்பது நாள் கழித்து, பகல் பதினொரு மணிக்கு மகளுக்கு வலி வந்தது. பள்ளியிலிருந்து ஓடிவந்து இவருக்குப் போன் செய்தேன். எடுக்கவில்லை. இவர் ஃபாக்டரியில் போனை வாசலில் வைத்துவிட்டுத்தான் உள்ளே போகவேண்டும். செய்தி அனுப்பிவிட்டு, மகளைப் பின் சீட்டில் சாய்த்துக் கிளம்பினேன்.

பங்காரப்பேட்டை தாண்டி ரோடு காலியானதும் அறுபதுக்குப் போனேன். கண் மீட்டரைவிட்டு நகரவில்லை. மகள் வலியில் முனகினால் முள்ளைப் பார்த்தேன், முனகாவிட்டாலும் முள்ளைப் பார்த்தேன். எதிரே வந்த லாரி நீளமாக ஹாரன் அடித்தது.

"அம்மா! ரோட்டப் பாரும்மா!" என்று மகள் கத்தினாள்.

அப்போது அவள் போன் அடித்தது. அவள் ஸ்பீக்கரில் போட்டாள். இவர்தான். சாப்பாட்டு நேரத்தில் செய்தியைப் பார்த்துவிட்டு ஓடிவந்தவர் போல மூச்சு வாங்கியது.

"எங்க கீறீங்க? வண்டி எப்படி போவுது?"

"முள்ளு பாதியில கீதுங்க. எனக்கு பயமா கீது."

"முள்ளப் பாக்காத. ரோட்டப் பாத்து ஓட்டு. புது ரேடியேட்டர்மா அது. கோலார் இன்னா, சென்னைக்கே போவும்."

"யாரு சொன்னா உங்களுக்கு?"

"ரேடியேட்டர் மேல ரோஜாத்தொட்டி மண்ணு எப்படிமா வரும்?"

வலிக்கு நடுவில் மகள் சிரித்துவிட்டாள்.

"அன்னிக்கே சாயங்காலம் மெக்கானிக்கிட்ட போய்க் கேட்டேன். நீ சொன்னதுதான் சரின்னாரு. ரயில்லயும் சொல்லிட்டேன், என் ஊட்டுக்காரிதான் கண்டுபுடிச்சான்னு. மைசூர்பாகு உனக்காகத்தான் குடுத்தேன். எல்லாரும் உன்னை விசாரிச்சாங்க. நீயா சொல்லுவன்னு பாத்துகினு இருந்தேன்."

அந்தப் பெட்டி முழுக்கத் தெரிந்த விஷயம் எனக்குத்தான் தெரியவில்லை. திட்டவேண்டும் போல இருந்தது, அழுகைதான் வந்தது. அதற்குப் பிறகு மீட்டரைப் பார்க்காமல் ஓட்டினேன்.

ஆஸ்பத்திரியில் மகளை உள்ளே அழைத்துப் போனார்கள். இவர் கிடைத்த பஸ்ஸைப் பிடித்து நாலு மணிக்கு வந்துசேர்ந்தார். என் பக்கத்தில் உட்கார்ந்தார். கேலிக்கு எத்தனையோ வார்த்தை சேர்த்துவைத்திருந்தேன், அதற்குள் அவரே பேசினார்.

"தினம் ரயிலேறும்போது பயம்தாமா" என்றார். "நான் அங்க கீறப்போ இவளுக்கு வலி வந்தா, வண்டி நடுரோட்ல நின்னா, நீ இன்னா பண்ணுவன்னு. அதான் கேக்காத ஆள் இல்ல. ரயில்ல ஒருத்தர் எது சொன்னாலும் அதப் புடிச்சிகினேன். அந்தப் புது ரேடியேட்டரப் பாத்த அன்னிக்குத்தான் நல்லாத் தூங்கினேன்."

நாலு வாரம் நான் பார்த்துச் சிரித்தது இவருடைய பயத்தை. அது எனக்கு அப்போதுதான் தெரிந்தது. வெட்கமாக இருந்தது. அவர் கையைப் பிடித்துக்கொண்டேன். ஃபாக்டரி மசி கருப்பாக ஒட்டியிருந்தது.

ஐந்தரைக்குப் பெண் குழந்தை பிறந்தது. மகள் நன்றாக இருக்கிறாள் என்று டாக்டரம்மா சொன்னார். நர்ஸ் குழந்தையைத் துணியில் சுற்றிக் கொண்டுவந்து முதலில் இவரிடம் நீட்டினாள். இவர் கையை நீட்டவில்லை. என் பக்கம் திரும்பினார்.

"நீ வாங்கு. கொண்டாந்து சேத்தவ நீதானே."

நான் வாங்கிக்கொண்டேன்.