கேட்காரரின் மனுக்கள்

நீல எனாமல் குவளை ஒன்று என் சமையலறை ஆணியில் தொங்குகிறது. விளிம்பில் ஒரு கீறல்கூட இல்லை. மொத்தமாக அதில் ஏழெட்டு முறைதான் தேநீர் குடித்திருப்பேன். இப்போது அதை எடுத்துக் குடிக்க மனம் வருவதில்லை.

எங்கள் தீவுக்குச் சுதந்திரம் கிடைப்பதற்குச் சில ஆண்டுகள் முன்பு நான் நீதிமன்றத்தில் நோட்டீஸ் சேர்க்கும் வேலையில் இருந்தேன். எங்களைக் கண்டாலே ஊரார் கதவைச் சாத்துவார்கள். சிலர் நாயையும் அவிழ்த்து விடுவார்கள். பீனிக்ஸ் ஊர்ப் பக்கத்தில் ஒரே ஒருவர்தான் எனக்குக் கதவைத் திறந்தார். அவர் ரயில்வே கேட்காரர். ரயில் ஓடுவது நின்று, தண்டவாளத்தைப் பெயர்த்துக்கொண்டு போன பிறகும், கேட்டருகே இருந்த ஒற்றை அறை வீட்டிலேயே அவர் இருந்தார். வேலை இருந்தவரை அது அவருடைய வீடு. வேலை போனதும் சட்டத்தின் கணக்கில் அது அரசாங்க நிலத்தில் ஆக்கிரமிப்பு. சாலை போடவேண்டும், காலி செய் என்று வழக்கு வந்தது. அவகாசம் கேட்டு அவர் மனுப் போட்டார். மனு விசாரணைக்கு வரும் தேதியை அவர் கையில் சேர்த்து, கையெழுத்து வாங்கி வருவது என் வேலை.

முதல் தடவை போனபோது புல் மண்டிய பழைய ரயில் பாதைக்கு அப்பால் நின்றுகொண்டு என்னைக் கைகாட்டி நிறுத்தினார். இரண்டு பக்கமும் பார்த்துவிட்டுத்தான் வரச் சொன்னார். எனக்குச் சிரிப்பு வந்தது. “தோந்தோன், சீக்கிரம் கையெழுத்துப் போடுங்க” என்றேன். பெரியவர்களை மாமா என்று கூப்பிடுவதுபோல எங்கள் தீவில் அப்படித்தான் கூப்பிடுவோம்.

“அசீஸே, தம்பி” என்று கிரியோலில் உட்காரச் சொல்லிப் பெட்டியைத் துடைத்தார். “ட்ரேனே போயிடுச்சு. இனி என்ன அவசரம்?”

அன்று தம் ஒரே குவளையைக் கழுவி அதில் எனக்குத் தேநீர் தந்துவிட்டு, நான் குடித்து முடிக்கும்வரை சும்மா நின்றார். அடுத்த தடவை ஆணியில் புது நீலக் குவளை ஒன்று தொங்கியது. பிறகு அதில்தான் எனக்குத் தேநீர்.

மனுக்கள் தொடர்ந்தன. ஒன்றில் முழங்கால் வலி. இன்னொன்றில், காவடி எடுப்பதாக நேர்ந்திருக்கிறேன், தைப்பூசம் முடியட்டும் என்று கேட்டிருந்தார். வேறொன்றில் லிச்சி மரம் பூத்திருப்பதாகச் சொல்லியிருந்தார். நீதிபதியும் பொறுமைசாலி, ஒவ்வொரு தடவையும் கொஞ்சம் அவகாசம் தந்தார். கேட்காரர் பலே கில்லாடி என்றுதான் நான் நினைத்தேன். அவரோ வழக்கைப் பற்றி ஒரு வார்த்தை கேட்கமாட்டார். வீட்டில் என்ன சமையல், எங்கள் ஊர் கியூர்பிப்பில் மழையா என்று விசாரிப்பார். பெயரை ஒவ்வொரு எழுத்தாக, தமிழில், தேநீர் ஆறிப்போகும்வரை எழுதுவார்.

“எத்தனை மனுத்தான் போடுவீங்க?” என்று ஒருநாள் கேட்டேன்.

“காகிதம் போட்டாத்தான் காகிதம் வருது. காகிதம் வந்தாத்தானே நீங்க வரீங்க” என்றார்.

நான் வாய்விட்டுச் சிரித்தேன். அவர் சிரிக்கவில்லை.

கடைசி நோட்டீஸைக் கொண்டுபோன அன்று நல்ல மழை. பஸ்ஸுக்கு நேரமாகிவிட்டது. உள்ளே போனால் ஒரு மணி நேரம் போய்விடும். கூரை இடுக்கில் அடுப்புப் புகை வந்துகொண்டிருந்தது. தேநீருக்குத்தான் தண்ணீர் கொதித்திருக்கும். நான் கதவைத் தட்டவில்லை. வீட்டில் ஆளில்லையென்றால் கதவில் ஒட்டிவிட்டு வரலாம் என்பது விதி. ஒட்டினேன். “தட்டிப் பார்த்தேன், ஆளில்லை” என்று நீதிமன்றத்தில் எழுதிக் கொடுத்தேன்.

விசாரணை நாளில் அவர் பெயரை மூன்று முறை கூப்பிட்டார்கள். நான் வாசலையே பார்த்துக்கொண்டிருந்தேன். மனு தள்ளுபடியானது. மழையில் தாள் கரைந்திருக்கும், அவர் பார்த்திருக்கமாட்டார் என்று எனக்கு நானே சொல்லிக்கொண்டேன்.

அந்த வாரமே காலி செய்யும் உத்தரவுடன் போனேன். பாதையருகே நின்றேன், கைகாட்ட ஆளில்லை. கதவு திறந்து கிடந்தது. அடுப்பில் சாம்பலைக்கூட வாரித் துடைத்திருந்தார். ஆணியில் குவளை எதுவும் இல்லை. நான் உட்காரும் பெட்டியின் மேல் நீலக் குவளை மட்டும் இருந்தது. அதன் அடியில், நான் ஒட்டிய நோட்டீஸ் கிழியாமல் நாலாக மடித்து வைத்திருந்தது. பெறுபவர் கையெழுத்துக்கான இடத்தில் அவர் பெயர் இருந்தது, ஒவ்வொரு எழுத்தாக. குட்லண்ட்ஸில் உறவுக்காரர் வீட்டுக்குப் போயிருப்பார் என்றார் ஒருவர். சுயாக் பக்கம் என்றார் இன்னொருவர். யாருக்கும் சரியாகத் தெரியவில்லை. நானும் வெட்கத்தால் தேடிப் போகவில்லை. போயிருக்க வேண்டும்.

மனைவி போய்ச் சேர்ந்து, பிள்ளைகளும் பிரான்சுக்குப் போன பிறகு, இந்த வீட்டில் நான் மட்டும்தான். பென்ஷன் அலுவலகத்துக்கு அடிக்கடி கடிதம் எழுதுகிறேன்; கேட்கவேண்டியது பெரிதாக ஒன்றுமில்லை. பதில் வரும் என்று தோன்றும் நாளில் தண்ணீரைக் கொதிக்கவைத்து, ஆணியிலிருந்து நீலக் குவளையை எடுத்துக் கழுவி வைக்கிறேன். தபால்காரப் பையன் தாளை வாசல் தபால் பெட்டியில் போட்டுவிட்டு, வண்டியைக்கூட நிறுத்தாமல் போய்விடுகிறான்.