ஸ்டெல்லா பெயர் வெட்டிய டம்ளர்

ஓர் அமெரிக்க நாவல் படித்துக்கொண்டிருந்தேன். ஜெபம் சொல்லிவிட்டுச் சாப்பிடும் ஒரு சிற்றூர்க் குடும்பம், கறுப்பினச் சமையல்காரிக்குத் தனிக் கோப்பை வைத்திருந்தது.

நான் பள்ளியில் படித்த நாளில் எங்கள் மயிலாப்பூர் வீட்டு ஜன்னலிலும் ஓர் எவர்சில்வர் டம்ளர் கவிழ்ந்திருக்கும். சாந்தோம் மீனவக் குப்பத்திலிருந்து வரும் என் வகுப்புத் தோழி ஸ்டெல்லாவுக்கு அம்மா அதில்தான் தண்ணீர் தருவாள். மற்ற பாத்திரங்களில் எல்லாம் எங்கள் பெயர்கள். அது மட்டும் மொட்டையாக இருந்தது. பாவமாக இருக்கவே, பெயர் வெட்டுகிறவர் தெருவில் வந்தபோது ‘ஸ்டெல்லா’ என்று வெட்டித்தரச் சொன்னேன்.

அம்மா திட்டவில்லை. “நல்லதாப் போச்சு. இனிமே மத்ததோட கலந்துடாது” என்றாள்.

ஸ்டெல்லா எழுத்துகளைத் தடவிப் பார்த்தாள். “எங்க வூட்லகூட என் பேரு போட்டது ஒண்ணும் இல்லடி!”

நாவலை மூடிவிட்டேன். பெயர் வெட்டிய அந்த நாளுக்கப்புறம் எங்கள் வீட்டில் யாரும் தப்பித்தவறிக்கூட அந்த டம்ளரைத் தொட்டதில்லை. நானும்தான்.