அவிநாசித் தேருக்குப் போன கட்டுச்சோறு

எனக்குக் கோர்வையாக எழுத வராது. மூன்றாவதோடு பள்ளிக்கூடத்தை நிறுத்திவிட்டார்கள். இப்போது மறதியும் சேர்ந்துகொண்டது. பொறுத்துக்கொண்டு படியுங்கள்.

மலாயா ரப்பர்த் தோட்டத்திலிருந்து எங்கள் அத்தை தனியாகத் திரும்பி வந்த வருடம், விடியலிலேயே வண்டி கட்டிக்கொண்டு அவிநாசித் தேருக்குப் போனோம். அப்பா ஓட்டினார். பெரிய தூக்குப்போசி நிறையப் புளிச்சோறு. தேர் நிலை சேர்ந்த பிறகுதான் அதைத் திறக்க வேண்டும் என்று அம்மா உத்தரவு போட்டிருந்தாள். நானும் அண்ணனும் வாசனையை மட்டும் தின்றுகொண்டு வந்தோம்.

ஊருக்குக் கொஞ்சம் முன்னால் பாதையின் குறுக்கே மூங்கில் கட்டி, காக்கிச் சட்டைக்காரர்கள் வண்டிகளை நிறுத்திக்கொண்டிருந்தார்கள். அதைக் கண்டதும் அத்தைக்கு முகம் வெளுத்துவிட்டது. போசியை மடிக்கு இழுத்து மூடியைத் திறந்தாள்.

“கையில சோறு இருந்தா நம்மளப் புடிச்சுட்டுப் போயிருவாங்க. தின்னு கண்ணு, வெரசலாத் தின்னு.”

மலாயாவில் காட்டுக்குள் ஒளிந்திருந்து வெள்ளைக்காரனோடு சண்டை போட்டவர்களுக்குச் சோறு போய்விடக் கூடாதென்று, கூலிக்காரர் குடியிருப்பைச் சுற்றி முள்கம்பி போட்டிருந்தார்களாம். வேலைக்குப் போகிறவர்களைச் சோதித்துத்தான் வெளியே விடுவார்களாம். இதெல்லாம் பிற்பாடு அம்மா சொல்லித் தெரிந்தது. அன்று எங்களுக்கு அது தேரைவிடப் பெரிய திருவிழா. கன்னம் உப்ப விழுங்கினோம். தடுக்க வந்த அம்மாவின் வாயிலும் அத்தை ஓர் உருண்டையைத் திணித்துவிட்டாள். அப்பாவுக்குச் சிரிப்பில் கயிறு கைநழுவிற்று.

பக்கத்தில் போய்ப் பார்த்தால், அது காலரா ஊசி போடுகிற இடம். காக்கிக்காரர் புளி வழிந்த எங்கள் மூஞ்சிகளைப் பார்த்துவிட்டு அப்பாவிடம், “ஏனுங்க, தேருக்குப் போறீங்களா, பாத்துப்போட்டு வாரீங்களா?” என்றார். ஊசி குத்தியபோது அழக்கூட எங்கள் வயிற்றில் இடமில்லை.

மூங்கிலைத் தாண்டியதும் அத்தையும் சிரித்தாள். வந்த நாளிலிருந்து அவள் அப்படிச் சிரித்து நான் பார்த்ததில்லை. முந்தானை முடிச்சை அவிழ்த்து, ஒளித்துக் கொண்டுவந்த ஒரு பிடி சோற்றைக் காட்டினாள். அதையும் தின்றுவிடச் சொன்னார் அப்பா.

“இது எம்பையனுக்கு, தம்பி. காட்டுக்குள்ள பசியோட இருப்பான்” என்றாள்.

அப்பா மாட்டைத் தட்டினார். எனக்கோ சந்தோஷம் தாங்கவில்லை. நான் பார்த்தேயிராத மச்சான் தேருக்கு வரப்போகிறான் என்று, வடம் பிடித்த கூட்டத்தில் ஒவ்வொரு முகமாகத் தேடினேன். அந்தக் காடு கடலுக்கு அந்தப் பக்கம் இருப்பது எனக்குத் தெரியாது.

அத்தை போய் வெகுகாலம் ஆகிவிட்டது. முள்கம்பி, சோதனை பற்றி நான் எழுதியது சரிதானா என்று விவரம் தெரிந்தவர்கள் பார்த்துச் சொல்லுங்கள். சண்டை ஓய்ந்து அந்தக் காட்டிலிருந்து இறங்கி வந்தவர்களில் எங்கள் அவிநாசிப் பக்கத்துப் பையன் யாராவது இருந்தானா என்றும் விசாரித்துச் சொன்னால் நல்லது.